இரண்டு புள்ளி

வாய்க்காலுக்கு மேற்கே நேரு வீதி மாடியில்
வெளுப்பது என் தொழில்.
துணியை அல்ல.

"ரெண்டு புள்ளி ஏத்துப்பா" என்பார்கள்.
கன்னத்தில் ஏற்றினால் கழுத்து காட்டிக்கொடுக்கும்,
கழுத்தைச் சரிசெய்தால் காது.
விரல் முட்டியை மறந்துபோய்
ஒரு சம்பந்தமே முறிந்திருக்கிறது.

வரன் படிவத்தில் நிறம் என்றொரு கட்டம்.
சிவப்பு என்று எழுதுகிறார்கள்.
இந்த ஊரில் நிஜச் சிவப்பாய் நான் பார்த்தது
சித்திரை வெயிலில் தொப்பி மறந்து
கடற்கரைச் சாலையில் நடந்த ஒருவரைத்தான்.
அவரை வெள்ளைக்காரர் என்கிறோம்.
கறுப்பென்று எழுத யாருக்கும் கை வராது.
மாநிறம்.

வாய்க்காலுக்குக் கிழக்கே வெள்ளை நகரம்,
இந்தப் பக்கம் கறுப்பு நகரம்
என்று பிரித்து வைத்துவிட்டுக் கப்பலேறினார்கள்.
இன்றைக்கும் ஆட்டோக்காரர்
"ஒயிட் டவுனா, ஏறுங்க" என்கிறார்.
எங்கள் பக்கத்துக்குப் பெயர் இல்லை.
ஊர், அவ்வளவுதான்.

நேற்று அமலோற்பவம் வந்தாள், அம்மாவோடு.
தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்துச் சொல்தா.
பையில் கருஞ்சிவப்பு பாஸ்போர்ட்.
துலூஸ் மெட்ரோவில்
பெட்டி நிறைய ஆள் இருக்க
இவளிடம்தான் காகிதம் கேட்பார்களாம்.
"சரி, அது அவங்க ஊரு" என்றாள்.
"போன வாரம் துய்மா வீதியில
காபி குடிக்கப் போனேன்.
வேலைக்கு வர்றவங்க பின்வாசல்னான் காவலாளி."

அந்தக் காவலாளியை எனக்குத் தெரியும்.
அரியாங்குப்பம் தணிகாசலம்.
வெயிலில் நின்று நின்று
தார் பூசிய படகுபோல் இருப்பார்.
மகள் படத்துக்கு
மூன்று புள்ளி கேட்டவர்.
இவளிடம் சொல்லவில்லை.

"தூதரகத்துக்கு ரெண்டு காப்பி.
வெள்ளைப் பின்னணி வேணும்.
மூஞ்சியில கை வைக்காதீங்க,
திருப்பி அனுப்பிடுவாங்க."
"வரனுக்கு ஒண்ணு" என்றாள் அம்மா, குரலைத் தாழ்த்தி.
"உங்களுக்குத் தெரியாததா."
அமலோற்பவம் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.
சொடுக்கினேன்.
ஒரே விநாடி, ஒரே முகம்,
இரண்டு கோப்பு.

ரசீது எழுதினேன்.
உள்ளபடி, நாற்பது.
திருத்தியது, நூற்றைம்பது.

"ஒரே பொண்ணுதானே,
கொஞ்சம் பாத்துப் போடுப்பா" என்றாள் அம்மா.
எதைக் குறைக்கச் சொல்கிறாள் என்று
ஒரு நிமிடம் விளங்கவில்லை.