அளவுப் புத்தகம்

சீனக்குடாவில், கைவிட்ட எண்ணெய்த் தாங்கிக்குள்,
துருவுக்கும் காற்றுக்கும் நடுவே நின்றது.
நாலு விரல் அகலம்.
வெடிப்பு என்று எழுதினேன்.
மஸாஹிரா அதை வெட்டி
இடுக்கு என்றாள்.

முப்பது மீற்றர் நாடாவை உள்ளே விட்டோம்.
நாற்பத்தொன்று காட்டி
நனைந்து திரும்பியது.
நக்கிப் பார்த்தேன். கொட்டியாரக்குடாவில்
எந்தத் தண்ணியும் இப்படி இனிக்காது.

வாடைக்குச் சுருங்கும், கச்சானுக்கு விரியும்.
குரங்குகள் கிட்ட வரா.
ஒரு மான் மட்டும்
கழுத்துவரை நுழைத்து மேய்ந்துவிட்டு
நீலப் புல்லை மென்றபடி
எங்களைப் பார்த்தது.

பிறகு கொழும்பிலிருந்து படிவம்:
காணி உரிமையாளர் யார்?
வடக்கு எல்லை?
உள்ளே வடக்கே இல்லை, ஐயா.
நில அளவையாளர் குலவீரசிங்கம்
கட்டையும் சுத்தியலுமாய் வெகுநேரம் நின்றார்.
"இஞ்ச அடிச்சா
அங்க ஆற்றையோ முற்றத்தில முளைக்குமே?"
அடிக்காமலே போனார்.

அன்று அகலம் ஐந்து விரல்.
மூன்று என்று பதிந்தோம்.
அடுத்த மாதம் ஒன்று.
தையில், சிவப்பு மையில்: மூடிவிட்டது.
கையெழுத்து, முத்திரை, எல்லாம் சரி.

மான் வாயிலிருந்து விழுந்த ஒரு புல்லை
மஸாஹிரா பதினேழாம் பக்கத்தில் வைத்திருந்தாள்.
இப்போது
புத்தகம்தான் மூடுதில்லை.