பி பக்கம், மூணாவது

தஸ்தகீர் கொண்டுவந்த கேசட்டுக்கு அட்டை இல்ல.
ஹார்பர்ல கிரேனுக்குக் கீழ
ஏதோ ஒரு கப்பல்காரன்
பீடிக்கட்டுக்கு மாத்திக் கொடுத்தது.
லேபிள்ல மை கலைஞ்சு
ஒரு எஸ் மட்டும் பாக்கி.

எண்பத்து மூணு. எம்.சி. ரோட்டுச் சந்துல
பத்துக்கு ஆறடி என் ரெக்கார்டிங் சென்டர்.
வர்றவங்க சினிமா கேட்பாங்க, மார்கழின்னா பக்தி.
இதைக் கேட்டது பெரம்பூர் ட்ரெவர் மட்டும்:
"பி பக்கம், மூணாவது. அது ஒண்ணு போதும் மேன்."

என்ன பாட்டு அது!
கிடார் அழல, கெஞ்சல. கிழிச்சுது,
காடாத்துணி கிழிக்கிற மாதிரி, நேரா.
கீழ பேஸ்,
கொருக்குப்பேட்டை கேட்டுல கூட்ஸ் வண்டி போற கணக்குல,
எண்ணி முடிக்கறதுக்குள்ள இன்னொரு பெட்டி.
பாடறவன் தொண்டையில ஜலதோஷம்.
இவனுக்கும் வேலை போயிருக்கும்னு
எனக்குத் தோணுச்சு.
இங்கிலீஷ் தெரியாது.

அன்னைக்கு ஒயர் அறுந்திருந்தது.
ஸ்பீக்கருக்கு எதிர்ல இன்னொரு டேப்ரிக்கார்டரை வெச்சேன்,
அது பாட்டரியில.
மூணாவது பாட்டு, ரெண்டாவது சரணம்,
கரண்ட் போச்சு.
பாடினவன் கிணத்துல இறங்கற மாதிரி இறங்கி இறங்கி
நின்னான்.
பாட்டரி நிக்கல. சுத்திக்கிட்டே இருந்தது.
பக்கத்து டெய்லர் கடையிலேர்ந்து ரெஜினா,
வாயில ஊசியோட, கேட்டா:
"போச்சா?"

நாலு செகண்ட்.
வந்துடுச்சு.
அவன் கிணத்துலேர்ந்து ஏறினான்.

போட்டுக் கேட்டுப் பார்க்கல நான்.
அதையே மாஸ்டரா வெச்சு முப்பத்தோரு காப்பி,
தலைக்குப் பன்னெண்டு ரூபா.

ட்ரெவர் குரூப் அப்படியே கத்துக்கிச்சு
சறுக்கலோட, மௌனத்தோட, ரெஜினாவோட.
ரயில்வே இன்ஸ்டிடியூட்ல நோரீன் கல்யாணம்:
ஆட்டம் சட்டுனு நிக்குது,
தூக்கின ஹீல்ஸ் தூக்கினபடி,
இருநூறு பேர் ஒரே குரல்ல
"போச்சா?"
அப்புறம்தான் டிரம்ஸ்.
நான் பிரியாணித் தட்டோட ஓரமா நின்னு
ஒரு வார்த்தை சொல்லல.

அதுக்கப்புறம் அது என் கையில இல்ல.
ட்ரெவர் பெர்த்துக்குப் போனான், இங்கிலீஷ் போச்சு.
வியாசர்பாடி பசங்க கீபோர்டுக்கு மாத்தினாங்க, கிடார் போச்சு.
புளியந்தோப்புல கேரம் டோர்னமென்ட் ஜெயிச்சா
கோப்பையை இதுக்குத்தான் தூக்கறதுன்னு ஒரு வழக்கம்.
சாவு மேளத்துக்கு வந்து சேர்ந்தப்போ
மிச்சம் இருந்தது பேஸ் மட்டும்,
தோல்ல.
அங்கயும் அதே இடத்துல நிக்கும்.
முன்னால போற மேளக்காரன் திரும்பி,
படுத்திருக்கிறவங்களைப் பார்த்து, மரியாதையாத்தான்,
"போச்சா?"
யாரும் பதில் சொல்றதில்ல.
நாலு எண்ணி, திரும்ப அடி.

போன வருஷம் செல்போன் ரிப்பேர் பிரதாப்
எங்கயோ தேடிப் பிடிச்சுப் போட்டுக் காட்டினான்.
முழுசு. சுத்தம். தூசி இல்ல.
ரெண்டாவது சரணம் வந்துது,
ஸ்டாப்பிங்ல நிக்காத எண்ணூர் பஸ் மாதிரி
கை காட்டின என்னைத் தாண்டிப் போயிடுச்சு.
"தப்பா இருக்கேடா"ன்னேன்.
"இதான் சார் ஒரிஜினல்."
பாடினவன் உயிரோட இருக்கானாம்,
ஏதோ மழை ஊர்ல.
அவன் பாட்டுல நாலு செகண்ட் இடம் வாங்கி
நாங்க குடியிருக்கிறது
அவனுக்கு யார் சொல்வா?

ஐப்பசியில ரெஜினா போனா.
காசிமேட்டுலேர்ந்து கல்லறைக்கு
அவ பேரன் கூட்டாளிங்கதான் மேளம்.
வடை கடை தாண்டி, மழைத்தண்ணிக்கு நடுவுல,
நின்னாங்க.
தெரு மொத்தமும் அவளைக் கேட்டுது,
அவ குரல்லேர்ந்து எடுத்ததையே:
"போச்சா?"

அது யார் குரல்னு அங்க தெரிஞ்சது எனக்கு மட்டும்.
அவளுக்கே தெரியாது. சொல்லியிருந்தா
பன்னெண்டு ரூபாயில பங்கு கேட்டிருப்பா.

அன்னைக்கு அவ கேட்டப்போ
நான் பதில் சொல்லல.
உள்ளதான் இருந்தேன்,
வேற ஒரு டேப்பைப் பென்சில்ல சொருகிச்
சுத்திக்கிட்டு.