மூன்று நிமிடம்

ஜங்ஷன் எக்ஸ்சேஞ்சில்
மத்தியானம் இரண்டு மணிக்கு
சொர்ணபாக்கியத்தின் காதிலிருந்து என் காதுக்கு
ஹெட்போன் மாறும்.
சூடாக இருக்கும்.
பென்சிலின் பின்நுனியில் பல் பதிந்திருக்கும்.
"தூத்துக்குடி லைன் ஒரே இரைச்சல், ஏளா, பாத்துக்கோ."
அவ்வளவுதான் பேசுவாள்.

வாழைத்தார் விலை, பஞ்சு விலை,
உப்புக்கு வேகன் கிடைக்கவில்லை,
பிள்ளை பிறந்துவிட்டது,
அம்மாவுக்கு முடியலை, உடனே புறப்படு:
எல்லாம் மூன்று நிமிடம்.
அதற்கு மேல் காசு.

அவள் கவிதையும் அதே அளவு.
டிரங்க்கால் சீட்டின் பின்பக்கம்,
ஒரு ஆள் பேசி முடிப்பதற்குள் ஒன்று.

ஒட்டுக்கேட்பது குற்றம்.
கேட்டதை அவள் எழுதியதில்லை.
பேச்சு தீர்ந்த பிறகும்
இரண்டு பக்கமும் போனை வைக்காமல் நிற்பார்களே,
அந்த இடத்தைத்தான் எழுதினாள்.

"மணி அடித்தால் எடு என்கிறார்கள்.
அடிக்காத மணியை
எட்டு வருஷமாக எடுத்துக்கொண்டிருக்கிறேன்"

என்று ஒன்று, எனக்கு மனப்பாடம்.
அண்ணன் மலாயாவுக்குப் பால்வெட்டப் போனவன்.
சயாமுக்கு ரயில்பாதை போட
ஜப்பான்காரன் லாரியில் ஏற்றினான்
என்பது வரைக்கும் சேதி உண்டு.
லைன் சும்மா கிடக்கும்போது
சென்னை ஆபரேட்டரிடம் கேட்பாள்:
"அக்கரைக்கு லைன் வந்துட்டா?"

எழுதின நாளில் பஸ் ஏறமாட்டாள்.
கொக்கிரகுளம் பாலம் தாண்டி
பாளையங்கோட்டை வரை உச்சிவெயிலில் நடை.
ஆற்றில் தண்ணீர் கிடக்கிறதா என்றுகூடத்
திரும்பிப் பார்க்கமாட்டாள்.

மாசக்கடைசியில் சீட்டுகள் கட்டுக்கட்டாய்
மதுரை கணக்கு ஆபீசுக்குப் போகும்.
கவிதையும் போகும்.
மூன்று வருஷம் வைத்திருந்து எரிப்பார்களாம்.
"நகல் எடுத்து வைக்கக் கூடாதா?" என்றேன்.
"பேசினவங்க வச்சிருக்காங்களா?"

ஐம்பத்திரண்டில் சிவப்பு மையில் ஒரு மெமோ:
சீட்டின் பின்புறம் எழுதுவது
உடனே நிறுத்தப்பட வேண்டும்.
அவளுக்கு வந்த ஒரே விமர்சனம்.
அடியில் அதே மை, அதே கை,
எறும்பு எழுத்தில்:
பதினேழாம் தேதிச் சீட்டின் தொடர்ச்சி எங்கே?

பதினேழாம் தேதி
அவள் காய்ச்சலில் கிடந்தாள்.
காலை ட்யூட்டியும் நான்தான் பார்த்தேன்.

தேதியைப் பார்த்தாள்.
என்னைப் பார்த்தாள்.
கோவில்பட்டி விளக்கு எரிந்தது,
எடுக்கவில்லை.
மென்ற நுனி தன் பக்கமாக,
பென்சிலை
மேஜைமேல் என்னிடம் உருட்டினாள்.