சோதனை ஓட்டம்

முந்நூற்றுப் பத்து மெஷின்கள் ஒன்றாய் ஓடும் சத்தத்தில்
என் பிள்ளைகள் நித்திரை கொள்வார்கள்.
என் பிள்ளைகள் என்பது பிழை.
பதினேழு பேர். ஒன்றும் நான் பெற்றதில்லை.
வரவுப் புத்தகத்தில் தாயின் பெயர் வேண்டாம்,
லைன் நம்பர் போதும் என்றார்கள்:
ஆறாம் லைன், கொலர். ஒன்பதாம் லைன், பொக்கற்.

நானும் நாலாம் லைனில் இருந்தவள்தான்.
வலது தோளுக்குள் ஒரு சின்ன இரும்பு கிடக்கிறது,
மழைக்கு முதல்நாள் அது என் டார்கெட்டைக் குறைக்கும்.
அதனால் இந்த அறைக்கு மாற்றினார்கள்.
"உமக்கு லேசான வேலை" என்றார் மனேச்சர்.
அவர் பதினேழு பேரைத் தூக்கிப் பார்த்ததில்லை.

முத்தையன்கட்டு பஸ் விடிய நாலரைக்கு வெளிக்கிடும்.
ஆறரைக்கு என் கைக்கு வரும்போது
பிள்ளையில் இன்னும் இரவின் சூடு.
ஒரு துவாய், ஒரு போத்தல், மாற்றுச் சட்டை.
"ராத்திரி முழுக்கச் சளி, கொஞ்சம் பாருங்கோ அக்கா."
அதற்குமேல் பேச நேரமில்லை,
விரல் வைக்கும் மெஷினுக்கு முன்னால் வரிசை நகர்கிறது.

குறை சொல்லவும் கூடாது.
வெளிநாட்டு ஆட்கள் பார்க்க வருமுன்
சுவருக்கு நீலம் அடித்தார்கள். யானை கீறினார்கள்.
நெடுங்கேணிப் பெடியன் ஒருத்தன்
அந்தச் சுவரைப் பார்த்து மூன்று நாள் அழுதான்.
அவன் வீட்டு வாழைகளை முறித்தது
தும்பிக்கையில் பூ வைத்திருக்கும் யானை அல்ல.
ஆனாலும் மூன்று மின்விசிறி இருக்கிறது.
இந்த அறை இல்லாத காலத்தில்
பவதாரணி மூத்ததை அயல்வீட்டில் விட்டுவந்து
நூல் அறுந்தது தெரியாமல்
வெறும் ஊசியால் அரைநாள் தைத்திருக்கிறாள்.

அறைக்கும் லைனுக்கும் நூற்றிருபது அடி.
சாப்பாட்டு மணிக்கு முன் அதை நடக்க அனுமதியில்லை.
காலையில் ஒருக்கா, பதினைந்து நிமிஷம் கேட்டோம்.
மேலிடத்துக்கு எழுதுவதாகச் சொன்னார்கள்.
எழுதியிருப்பார்கள்.
பத்தரைக்கு நெஞ்சு கனக்கும்.
உள்ளே மடித்துவைத்த துணியையும் மீறி
ஏற்றுமதிச் சட்டையொன்றில் ஒரு சொட்டு விழுந்தது.
'கறை' என்று ஒதுக்கினார்கள்.

கரண்ட் போனால் மட்டும் கதை வேறு.
யன்னல் குறைந்த கட்டடம், பகலிலும் இருட்டிவிடும்.
சத்தம் நின்றதும் பதினேழும் விழிக்கும்.
ஜெனரேற்றர் பிடிக்க நாலு நிமிஷம்.
அதற்குள் செருப்பில்லாமல் ஓடிவரும் கால்கள்.
எந்தப் பிள்ளை எந்த மடி என்று கண்டுபிடிக்க
வெளிச்சம் தேவைப்பட்டதில்லை.
ஊரில் பிள்ளைகள் இருட்டுக்கு அழும்.
இங்கே சிரிக்கும.

மாசியில் புது ஜெனரேற்றர் வந்தது.
தானாய் இயங்கும். பத்து விநாடி.
தாய்மார் கதிரையைத் தள்ளுமுன்னே ஊசி ஓடும்.
பிள்ளைகள் விழித்துக் கதவைப் பார்த்து
கதவைப் பார்த்தபடியே.

அதைப் பொருத்தியவன் நிமலரூபன்.
மனைவி பதினோராம் லைன். மகள் என்னிடம், மூலை ஏணையில்.
அப்பாவுக்கென்று என் புத்தகத்தில் கட்டமே இல்லை.
ஒருநாள் திருப்புளியும் கையுமாய்
வாசலில் நின்று பார்த்தான். ஒன்றும் கேட்கவில்லை.

அடுத்த திங்கள் தொடக்கம்
நாள்தோறும் பத்தரைக்குக் கரண்ட் போகிறது.
பராமரிப்புப் பதிவேட்டில் அவன் எழுத்து, கோடு பிடித்தாற்போல்:
'சோதனை ஓட்டம். கையால் இயக்கப்பட்டது.
நேரம் நாலு நிமிஷம். பழுது எதுவுமில்லை.'

நிலூக்கா மிஸ் அதை இரண்டு தரம் வாசித்தா.
அவவின் மகன் அநுராதபுரத்தில், தமக்கை வீட்டில்,
இரவில் போன் திரைக்குள் வளர்கிறான்.
கண்ணாடியைத் துடைத்தா. கையெழுத்து வைத்தா.

இப்போது பத்து இருபத்தெட்டுக்கே,
மெஷின்கள் ஓடிக்கொண்டிருக்கும்போதே,
ஒவ்வொன்றாய்க் கண் முழிக்கின்றன.
நான் எழும்பிப் போய்க் கதவைத் திறந்து
செங்கல் ஒன்று அண்டை வைக்கிறேன்.