கன்னத்தில் கண்

முதலில் எடை.
உள்ளங்கையில் வைத்தால்
ஒரு கச்சான் கொட்டையின் கனமாவது வேண்டும்.
இவை அதற்கும் குறைவு.
அடித்தட்டு வட்டம், கறுப்பு, ஓர் அங்குலம்.
மேசையில் ஆடாமல் நிற்கின்றன,
அதற்கு அரை மதிப்பெண்.

ஒரு பெட்டி இருபத்தாறு வெள்ளி தொண்ணூறு காசு.
உள்ளே நான்கு உருவம், எது வருமென்று தெரியாது.
ஐந்து பேர் பங்கு போட்டு எட்டுப் பெட்டி வாங்கினோம்
பிராஸ் பாசாவில், மின்தூக்கி நிற்காத மாடியில்.
பிரித்துப் பார்த்து எழுதுவது என் பொறுப்பு.
"உனக்குத்தான் கண் கூர்மை" என்பாள் யீ லிங்.
கூலிக்குக் கூர் தீட்டிய கண் அது.
உட்லண்ட்ஸ் ஆலையில் பன்னிரண்டு மணிநேரம்
சிலிக்கான் தட்டில் கீறல் தேடுவது.
வீட்டுக்கு வந்தாலும் தேடும்.

ஆகவே:
தர்மவீராங்கனை.
கவசத்தின் வெள்ளி, கொடுத்த வெள்ளிக்குத் தகும்.
மடிப்புகளில் பழுப்பு மையை ஓடவிட்டிருக்கிறார்கள்,
நிழல் விழுகிறது.
உதட்டுச் சிவப்பு மட்டும் மோவாய்வரை.
வெற்றிலை போட்டவள் போல நிற்கிறாள்.
கடவுளுக்கு வாக்குக் கொடுத்தவள்,
போட்டால்தான் என்ன? ஏழு.

எலும்புக்கூடு.
வாள், வெயிலில் வைத்த மெழுகுவர்த்தி.
கொதிநீரில் ஒரு நிமிடம் முக்கி
நிமிர்த்தி, ஐஸ் தண்ணீரில் காட்டினால் நேராகும்.
மறுநாள் பழைய வளைவுக்கே போய்விடும்.
பிளாஸ்டிக்கின் புத்தி. ஐந்து.

மந்திரவாதி. தாடி எங்கே முடிகிறது,
அங்கி எங்கே தொடங்குகிறது,
அவருக்கே தெரியாது. நாலரை.

பிறகு கோப்ளின்.
இடக்கண் கன்னத்தில்.
வெள்ளைப் புள்ளி, அதன் நடுவே கறுப்பு,
இரண்டும் வட்டம், பிசிறில்லை, நடுங்காத கை.
இடம்தான் தப்பு, ஒரு மில்லிமீட்டர் கீழே.
மூன்று என்று எழுதினேன்.

அடுத்த பெட்டியிலும் ஒரு கோப்ளின்.
அதே கன்னம். அதே கண்.
ஏழாம் பெட்டியில் இன்னொன்று.
பூதத்தைப் பார்க்கத்தானே பூதக்கண்ணாடி,
வரிசையாக நிறுத்திப் பார்த்தேன்.
ஒரே கை.
எட்டாம் பெட்டியின் கோப்ளினுக்குக்
கண் குழியிலேயே இருந்தது,
ஆனால் விளிம்பு கலங்கிய அவசரப் புள்ளி.
ஆள் மாறியாயிற்று.

இந்தக் குறையை எனக்குத் தெரியும்.
விடிகாலை நாலு, நாலரைக்கு வரும்.
கை பழகிய வேலையைச் செய்துகொண்டே இருக்கும்,
தலை மட்டும் கொஞ்சம் சரிந்திருக்கும்.
எங்கள் மேற்பார்வையாளர் அதற்கொரு குறியெண் வைத்திருக்கிறார்.
போன மாதம் என் பெயருக்கு நேரே இரண்டு முறை.
பெட்டியின் அடியைத் திருப்பிப் பார்த்தேன்.
நாட்டின் பெயர் இருந்தது, ஊர் இல்லை.
இரவுப் பணிக்கு அங்கே
எவ்வளவு கூட்டித் தருவார்கள்?

மூன்றை அடித்தேன்.
வேறு எண் எழுதவில்லை.

சனிக்கிழமை புக்கிட் பாத்தோக்,
ஹஃபீஸ் வீட்டுச் சாப்பாட்டு மேசை.
டிராகனின் இறக்கை எந்தப் பைக்கும் அடங்காமல்
வெளியே நீட்டிக்கொண்டே எம்ஆர்டியில் வந்தது,
சுவா சூ காங்வரை ஒரு சிறுவன் இமைக்கவில்லை.
கட்டம் போட்ட விரிப்பு, முறுக்கு, ஆறிப்போன தே ஓ.
ஆட்டத்தை நடத்துபவன் இளஞ்சேரன்.
உளவாளி வேடத்துக்கு ஹஃபீஸ் எடுத்தது
நான் எண் போடாத மூன்றில் ஒன்றை.
"இவன் குனியாமலே சாவித்துவாரம் பார்ப்பான்."
இளஞ்சேரன் சிரிக்காமல் விதிப்புத்தகத்தைப் புரட்டினான்.
கன்னத்துக் கண்ணுக்கு விதி ஏதும் இல்லை.
"சரி, இரண்டு கூட்டிக்கொள்."

இருபது முகப் பகடை உருண்டு
முறுக்குத் தட்டில் மோதி
ஒன்றில் நின்றது.
எதைக் கூட்டினாலும் தேறாத ஒன்று.

எட்டு மணிக்கு எனக்குப் பணி.
செருப்பை மாட்டும்போது திரும்பிப் பார்த்தேன்.
தீப்பெட்டிகளால் கட்டிய சிறைக்குள்
பிடிபட்டவன்
ஒரு கண்ணால் யீ லிங்கையும்
மற்றதால் கதவையும்
பார்த்துக்கொண்டிருந்தான்.