தனிநிலை

பாஹோவாவில் கவேஹியின் வீட்டுப் பின்புறம்
செப்டிக் டேங்க் தோண்டிய இயந்திரம்
ஆறடியில் திடீரென்று காற்றைத் தோண்டியது.
கீழே குகை.
எப்போதோ ஓடிய நெருப்பு
உரித்துப் போட்டுப் போன சட்டை.

கவுண்டி அலுவலகத்தில் அனுமதிப் பிரிவு நான்.
அளவு நாடா, தலைவிளக்கு,
ஹிலோ மழையில் ஓரம் நனைந்த படிவம்.
ஏணியில் இறங்கினேன்.

கூரையெங்கும் ஓஹியா மரத்தின் வேர்கள்,
பிரித்து உலரவிட்ட நூல்கண்டுபோல.
எனக்கு முன்பே இறங்கியிருந்த ரைலன் சூடா
சிவப்பு விளக்கில் காட்டினான்:
குருணையைவிடச் சிறிது.
வெள்ளை என்றுகூடச் சொல்ல முடியாது,
நிறம் வைக்க மறந்த இடம்.
கண் இல்லை. இறகு பேருக்கு.
இந்தத் தீவைவிட்டால் வேறெங்கும் இல்லை, என்றான்.
ஒருவேளை
இந்தக் குகையைவிட்டாலே.

அது நம் கணக்கு.
அதற்குத் தீவும் தெரியாது, கடலும் தெரியாது.
வேர் தெரியும்.

ஒரு வேரில் ஊசியைப் பொருத்தி
என் காதில் கருவியை மாட்டினான்.
முதலில் என் நாடிதான் கேட்டது.
அப்புறம்
யாரோ தூரத்தில் சீப்பின் பல்லை
நகத்தால் வருடுவதுபோல்.
நிறுத்தி,
மறுபடி.
வயிற்றை அதிர்த்துக் கூப்பிடுகிறது, என்றான்.
பதில்?
நாற்பது நிமிடம் நின்றோம்.
மேலே கவேஹியின் மகன் கூடைப்பந்து தட்டுவது
அதே வேர் வழியே
இடிஇடியாய் இறங்கிக்கொண்டிருந்தது.

ஆய்த எழுத்துக்குத் தனிநிலை என்று பெயர்.
சார்பெழுத்து என்றும் அதையேதான் சொல்கிறார்கள்.
தனியாய் நிற்பது எதைச் சார்ந்திருக்கும் என்று
படித்த காலத்தில் நான் கேட்கவில்லை,
மதிப்பெண் வந்துவிட்டது.

ஏறி வந்து பார்த்தேன்.
அந்த வேர்களுக்குரிய மரம்
தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில்
சிவப்பாய்ப் பூத்து, ஒன்றுமறியாததுபோல.
இடுப்பில் ஆரஞ்சு நாடா:
வெட்ட வேண்டியது.

"கழிப்பறை இல்லாமல் எத்தனை நாள்?"
கவேஹி கேட்டாள்.
நியாயம். மூன்று பிள்ளைகள்,
பக்கத்து வீட்டுக்காரியின் பொறுமையும் தீர்ந்துகொண்டிருக்கிறது.

'இடத்தின் தடைகள்' என்ற கட்டத்தில்
மரம் ஒன்று, என்று எழுதினேன்.
அடித்தேன்.
லைனில் ஆள் இருக்கிறது, என்று எழுதினேன்.
அதையும் அடித்தேன்.

நாடாவை அவிழ்க்க எனக்கு அதிகாரம் இல்லை.
ஹிலோ திரும்பும்வரை
மழைக்கோட்டுப் பைக்குள்
அது கசங்கிக்கொண்டே வந்தது.