குப்பமஞ்சள்

நாற்பத்தேழு நொடி. பாதி காற்றிரைச்சல்.
"பிள்ளே, பூண்டைத் தோலோட சுடணும்,
கருகுற வரைக்கும். பயப்படாத."
கப்பல் புரோக்ரெஸோ துறையில் சரக்கிறக்கி நிற்க,
கரையில் கடை வைத்திருக்கும் எவெலியா சொல்லச் சொல்ல
ததேயுஸ் எனக்குச் சொல்கிறார்.
நடுவில் யாரோ சிரிக்கிறார்கள். அவளாகத்தான் இருக்கும்.

ஞாயிறு மகனுக்குப் புதுநன்மை.
வரமுடியாத ஆள் விருந்துக்கு அரைப்பு அனுப்புகிறார்,
அதுவும் பேச்சாக.

விதைக்கு எங்கே போக?
முள்ளுமுள்ளாய், ரம்புத்தான் மாதிரி, உள்ளே சிவப்புமணி
என்று மூன்றாம் தடவை கேட்டபோதுதான்
கருங்கல் ஆஸ்பத்திரி மதிலோரம் நின்றது கண்ணில் வந்தது.
ஜோவினுக்காக வலி எடுத்துக் கிடந்த இரண்டு நாளும்
ஜன்னலில் பார்த்த மரம்.
"இந்தக் குப்பமஞ்சளைத் தின்னவா போறிய?" என்றார் வாட்ச்மேன்.
பை நிறையப் பறித்துக்கொண்டு பஸ் ஏறினேன்.

ஓரிகானோ என்றார். அது இல்லை;
கிணற்றடிக் கற்பூரவள்ளியைக் கிள்ளினேன்.
புளிப்பு ஆரஞ்சு என்றார். நார்த்தங்காய் இரண்டு.
மிளகு, கிராம்பு, பட்டை என்று அவள் அளவு சொல்லும்போது
எனக்குச் சிரிப்பு வந்தது.
நம்ம மிளகை நமக்கே விளம்புகிறாள்.
போகட்டும்,
வற்றல்மிளகாயும் மரச்சீனியும் அந்தப் பக்கத்துச் சரக்கு என்று
ஜோவினின் பாடப்புத்தகத்தில் இருக்கிறது.
வட்டிக்கணக்குப் பார்த்தால் யாருக்குத் தலை நிமிரும்?

ராமுழுக்க வெந்நீரில் ஊறியும்
விதை கல்லாய்க் கிடந்தது.
மிக்ஸி இரண்டு சுற்று உறுமி
மூன்றாம் சுற்றில் புகைந்து அடங்கியது.
மதிலுக்கு மேல் ஜெஸிந்தா மயினியின் தலை:
"என்னத்த பிள்ளே கொல்லுத?"

கூரைத் தகரம் கடற்காற்றில் பறக்காமலிருக்கப்
பாரமாய் வைத்திருந்த குழவியை
ஏணி போட்டு இறக்கினேன்.
அம்மி, கோழிக்கூட்டுக்குப் படியாய்க் கிடந்தது.

உடைந்தது.
முதலில் மண்வாசம், பிறகு ஈரத்துரு போல ஒன்று.
சுட்ட பூண்டு, உப்பு, சாறு சொட்டுச் சொட்டாய்.
ஒன்றரை மணிநேரம்.
செங்கல்பொடி நிறம் கறுத்து, பளபளத்து,
வள்ளத்துக்கு அடிக்கும் சிவப்புப் பெயின்ட் ஆனது.
என் கையும், முழங்கை வரை.

ரெக்காதோ என்று இதற்குப் பேர்.
அந்த ஊர்ப் பேச்சில் சேதிக்கும் அதே சொல்லாம்.
இதை மட்டும் தனியாக, ஒன்பது நொடியில்,
குரலைத் தாழ்த்தி அனுப்பியிருந்தார்.
பின்னால் யாரும் சிரிக்கவில்லை.

விளமீனில் தடவி, வாழையிலை வாட்டிப் பொதிந்து வைக்கும்போது
மழை.
கொடியில் வெள்ளைச் சட்டை.
ஓடி எடுத்த பிறகுதான் கை நினைவு வந்தது.
பாக்கெட்டின் மேல் என் கட்டைவிரல்,
முழுசாய், ரேகையோடு.

சோப்பு. எலுமிச்சை. சோடா உப்பு.
மயினி சொன்ன மண்ணெண்ணெய்.
எவெலியாவைக் கேட்டால் ஒரே வரி வந்தது:
"வெயில்ல போடு, தானே போயிரும்."
வெயிலுக்கு எங்கே போக,
குறும்பனையில் இடவப்பாதி பிடித்துவிட்டது.

ஞாயிறு, பீடத்துக்கு நடந்த பன்னிரண்டு பிள்ளைகளில்
என் மகன் மட்டும் நெஞ்சில் கை வைத்தபடியே போனான்.
"எம்புட்டு பக்தி, பாரு" என்றது பின்வரிசை.

மீனை முதலில் யாரும் தொடவில்லை.
மயினிதான் மரச்சீனியைப் பிட்டு
இலையில் ஒட்டியதை வழித்தாள்.
"புளிமுளம் அளவுக்கு இல்ல" என்று சொல்லிவிட்டு
மூன்றாம் துண்டை எடுத்தாள்.

படங்களை அனுப்பினேன்.
ராத்திரி வந்தது, நான்கு நொடி:
"பயலுக்கு நெஞ்சு வலியா பிள்ளே?"

போன் கையில் இருக்கிறது.
நகக்கண்ணில் இன்னும் சிவப்பு.
மைக்கை அழுத்துகிறேன், விடுகிறேன்.
பார்த்தால்
ஆறு நொடி மழை மட்டும் போயிருக்கிறது.